நந்தி விலகிற்று, கதவு திறக்கவில்லை!

தீக்குழி தயாராகிறது. ஆம், தோழர்களே! நெல் விளைவித்த கை, சேறு மிதித்த கால், ஈசனைப் பாடிய நா, அத்தனையும் அந்தத் தீக்குத் தரப்படவேண்டும். தந்தால்தான் தில்லைக் கூத்தனைக் காணலாம். தருகிறான் நந்தன். கொட்டகையில் விம்மல் எழுகிறது. முந்தானைகள் கண்களுக்குச் செல்கின்றன. கன்னத்தில் போட்டுக்கொள்ளும் ஓசை கேட்கிறது. படம் முடிகிறது, மக்கள் வீடு திரும்புகின்றனர். "என்ன பக்தி! என்ன உருக்கம்!" என்று வழியெல்லாம் வியப்பு.

"ஏன் தீ?" என்று கேட்டவர் எத்தனை பேர்?

நாம் கேட்கிறோம். கேட்பதாலேயே கலையின் பகைவர் என்று நம்மை ஏசுவோர் உண்டு. ஏசட்டும். தண்டபாணி தேசிகரின் குரலில் உள்ள இனிமையை நாம் மறுத்தோமா? கே.பி. சுந்தராம்பாளின் வெண்கலத் தொண்டைக்கு முன் தலை வணங்காத தமிழன் உண்டா? இனிப்பு இருப்பதால்தான் எச்சரிக்கை தேவைப்படுகிறது. கசக்கும் நஞ்சைக் குழந்தைகூடத் துப்பிவிடும்.

நந்தன் கதை தமிழ்த் திரைக்கு ஒருமுறை வந்து போன கதையன்று. படம் பேசாதிருந்த நாளிலேயே எடுத்தார்கள். பேசத் தொடங்கியதும் மீண்டும் எடுத்தார்கள். 1935இல் 'பக்த நந்தனார்' வந்தது. கணவர் கிட்டப்பாவை இழந்து, வெள்ளைச் சேலை உடுத்தி, மேடையை விட்டே ஒதுங்கியிருந்த சுந்தராம்பாளை ஆண் வேடத்தில் நடிக்க வைத்தனர். ஊதியம் ஒரு இலட்சம் ரூபாய்! அந்நாளில் நாடே வாய்பிளந்த தொகை. வேதியராக வந்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். பிறகு 1942இல், எஸ்.எஸ். வாசனின் ஜெமினி நிறுவனம் 'நந்தனா'ரை எடுத்தது. முருகதாசா இயக்கினார், தேசிகர் நந்தனானார், செருகளத்தூர் சாமா வேதியரானார். முன்னதன் பிரதி இன்று கிடைப்பதில்லை. பின்னது இன்றும் காணக் கிடைக்கிறது. பழைய பாட்டின் சுவைக்காக இளைஞர்களும் தேடிப் பார்க்கின்றனர். ஆகவேதான் இதனை எழுதுகிறோம்.

நந்தன் வேடத்துக்கு ஓர் இலட்சம். நந்தனின் பேரனுக்கு? அந்த 1935இல் தஞ்சைத் தரணியில் பகலெல்லாம் குனிந்து நாற்று நட்டவனுக்குச் சில படி நெல். சுந்தராம்பாள் அம்மையார் பெற்ற ஊதியத்தை நாம் குறை கூறவில்லை, உழைத்தார், பெற்றார். ஏழையின் வேடத்துக்குக் கிடைத்த விலை ஏழைக்குக் கிடைக்கவில்லையே என்பதைத்தான் குறித்துக்கொள்கிறோம்.

இன்னொன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். 1935இலும் 1942இலும், படக்கொட்டகைக்குள் நுழைவதற்கு ஆதிதிராவிடத் தோழனுக்குச் சில அணாக்கள் போதும். சீட்டு வாங்கினான், தரையில் அமர்ந்தான், அவனுக்குப் பக்கத்தில் யார் என்று சாதி கேட்டு அமர்த்த எவருமில்லை. அதே தோழன் தில்லைக்குச் சென்றிருந்தால்? கோபுரத்தோடு நிற்கவேண்டும். மதுரை மீனாட்சி கோயிலுக்குள் தாழ்த்தப்பட்டோர் முதன்முதலாக அழைத்துச் செல்லப்பட்டது 1939 சூலை 8ஆம் நாள். மாகாணமெங்கும் கோயில் கதவைச் சட்டம் திறந்துவிட்டது 1947இல். அதற்கு ஐந்தாண்டு முன்பு, நந்தன் தில்லையில் நுழைந்த 'அதிசய'த்தைக் கண்டு உருகிய நந்தனின் குலத்தான், அந்தத் தில்லையில் தான் நுழைய முடியாது என்பதை அறிந்தே வீடு திரும்பினான். திரையிலே தேவனின் அருள்; தெருவிலே தீண்டாமை. வெள்ளைத் துணியில் நிழலாக ஆடிய நடராசனைப் பார்க்க உரிமை உண்டு. கல்லாய்ச் செம்பாய் நிற்கும் நடராசனைப் பார்க்க உரிமை இல்லை!

கூத்தன் கோயிலைவிடக் கூத்துக் கொட்டகை நீதி உடையதாக இருந்தது. இதை எந்த ஆத்திக நண்பராவது மறுப்பாரா?

சரி, கதைக்கு வருவோம். இது யார் கதை? சுந்தரர் தம் திருத்தொண்டத்தொகையில் திருநாளைப்போவார் என்று பெயர் மட்டும் சொன்னார். நம்பியாண்டார் நம்பி சற்றுச் சேர்த்தார். பன்னிரண்டாம் நூற்றாண்டில் சேக்கிழார் அதைக் கதையாக விரித்தார். சேக்கிழாரின் நந்தன் கொள்ளிடக்கரை ஆதனூரினன். ஊரார் தந்த துண்டு நிலத்தை வைத்துப் பிழைத்தவன். கோயில் முரசுகளுக்குத் தோலும் வாரும், யாழுக்கு நரம்பும் தந்தவன். அவன் எவருக்கும் பண்ணையாள் அல்லன். ஆம், பெரியபுராணத்தில் வேதியர் என்ற பண்ணையார் கிடையவே கிடையாது! தோல் கொடுத்தான், உள்ளே அந்தத் தோலால் முரசு அதிர்ந்தது, அவன் மட்டும் வெளியே நின்றான். செத்த மாட்டின் தோலுக்கு இருந்த தகுதி உயிரோடிருந்த மனிதனுக்கு இல்லை. புராணத்திலேயே இருக்கிறது இந்தச் சான்று, பகுத்தறிவாளன் இட்டுக்கட்டியதன்று.

வேதியர் எங்கிருந்து வந்தார்? நாகப்பட்டினத்தை அடுத்த நரிமணத்தில் பிறந்த கோபாலகிருஷ்ண பாரதியார் 1860-களின் தொடக்கத்தில் வெளியிட்ட நந்தனார் சரித்திரக் கீர்த்தனையிலிருந்து வந்தார். நூல் அச்சேற உதவியவர் காரைக்காலில் இருந்த பிரெஞ்சு அதிகாரி ஒருவர். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையோ பாயிரம் தர முதலில் தயங்கினார் என்பதை உ.வே. சாமிநாதையர் பதிவு செய்திருக்கிறார். புலவர் தயங்கினாலும் மக்கள் தயங்கவில்லை. காலட்சேபத்தில், நாடகத்தில், பிறகு படத்தில், பாரதியாரின் நந்தனே நந்தன் ஆனான்; சேக்கிழாரின் நந்தன் ஏட்டிலே நின்றுபோனான்.

இங்கே நாம் நியாயத்தோடு பேசக் கடமைப்பட்டிருக்கிறோம். பாரதியார் ஒரு நன்மை செய்தார். சேக்கிழார் காட்டாத ஒன்றைக் காட்டினார். கோயில் வாசலில் நிற்கும் தடையை வயல் வரப்பிலே கொண்டுவந்து நிறுத்தினார். நந்தனைத் தில்லைக்குப் போகவிடாமல் தடுத்தது ஆகமம் மட்டுமல்ல, அறுவடையும்தான் என்று காட்டினார். பண்ணையாள் ஒருநாள் விடுப்பு வேண்டிக் கெஞ்சுவதும், ஆண்டை சீறுவதும் கற்பனையா? தஞ்சையில் கண்கூடு. அடிமை முறையைச் சட்டத்தின் பார்வையிலிருந்து நீக்கியது 1843ஆம் ஆண்டுச் சட்டம். ஆயினும், தஞ்சைப் பண்ணையாள் பாதுகாப்புக்கென்று 1952இல் தனிச் சட்டம் இயற்ற வேண்டியிருந்தது. நூற்றொன்பது ஆண்டு! அந்த நூற்றொன்பது ஆண்டுக்கு நடுவே பிறந்த பாட்டு இது. பாட்டுக்குள் வரலாறு ஒளிந்திருக்கிறது. அதை மறுப்பவன் பகுத்தறிவாளன் அல்லன்.

ஆனால், காட்டிய உண்மையை அடுத்த காட்சியிலேயே கதை புதைத்து விடுகிறது. எப்படி என்று பாருங்கள். "போகவேண்டுமா தில்லைக்கு? நாற்பது வேலி நிலத்து வேலையையும் முடித்துவிட்டுப் போ" என்கிறார் வேதியர். நாற்பது வேலி என்றால் நகரத்து இளைஞர்களுக்குக் கணக்குப் புரியாது. வேலி ஒன்று ஏறத்தாழ ஆறரை ஏக்கருக்கு மேல். நாற்பது வேலி, 260 ஏக்கருக்குக் குறையாது! ஒற்றை ஆள் எப்படி முடிப்பான்? அழுகிறான், தொழுகிறான், தூங்குகிறான். விடிந்து பார்த்தால் கதிர் முற்றித் தலைசாய்த்து நிற்கிறது. ஆண்டவன் அருள்! பூதகணங்கள் இரவோடிரவாக வேலையை முடித்துவிட்டன!

கொட்டகை கைதட்டுகிறது. நாம் கேட்கிறோம்: விளைந்த நெல் யார் களஞ்சியத்துக்குப் போயிற்று?

வேதியரின் களஞ்சியத்துக்கு! கடவுள் இறங்கி வந்தார், கூலி கேளாத பண்ணையாளாக வேலை செய்தார், நாற்பது வேலி மகசூலை ஆண்டையிடம் ஒப்படைத்துவிட்டுப் போனார். நந்தனுக்கு ஒரு மரக்கால் கொடுத்தாரா? "இந்த நிலம் உழுதவனுக்கு" என்றாரா? "நாளை முதல் இவனுக்கு விடுப்பு உண்டு" என்றாவது சொன்னாரா? எல்லாம் வல்லவன் என்று போற்றப்படும் ஒருவன் ஏழைக்கும் பண்ணையாருக்கும் நடுவே வந்து நின்றபோது, பண்ணையாரின் கணக்கைத் தீர்த்து வைத்தான். தமிழ்நாட்டு மிராசுதாரர்கள் கோயிலுக்குக் கோயில் மானியம் எழுதி வைத்தது காரணமில்லாமலா?

அந்த அற்புதத்தைக் கண்ட வேதியர் மனம் மாறுகிறார். நந்தன் காலில் விழுகிறார். ஆகா, சமத்துவம் என்கிறார்கள். 1935ஆம் ஆண்டுப் படத்தில் மகாராஜபுரம் விசுவநாத ஐயர் சுந்தராம்பாளின் காலில் விழும் காட்சி வைதிகர் சிலரைக் கொதிக்க வைத்தது. பாடகர் எனினும் பார்ப்பனர், நடிப்பு எனினும் நமஸ்காரம், அதிலும் ஒரு பெண்ணின் காலில்! கொதித்தனர். சிந்தியுங்கள், தோழர்களே! அதே படத்தின் முடிவில் ஒரு மனிதன் தீக்குள் இறங்குகிறான். அதற்குக் கொதித்தார்களா? இல்லை. அது புனிதம்! உயர்ந்தவன் குனிந்தால் உலகம் கவிழ்ந்துவிடும். தாழ்ந்தவன் எரிந்தால் உலகம் தூய்மையாகும். பொய்யாகக் குனிந்ததும் பொறுக்கவில்லை; எரிந்தது மட்டும் இனித்தது.

இனி, திருப்புன்கூர். வைத்தீசுவரன் கோயிலுக்கு அருகில் உள்ள அந்த ஊரில், நந்தி சற்று விலகியிருப்பதை இன்றும் காட்டுகிறார்கள். நந்தன் தேரடியில் நின்று எட்டிப் பார்த்தான், நந்தி மறைத்தது, சிவனார் பணித்தார், கல் நந்தி விலகிற்று. இதைச் சொல்லாத பக்தர் இல்லை, பாடாத பாகவதர் இல்லை.

நம்பிவிட்டோம் என்றே வைத்துக்கொள்வோம். கல்லை நகர்த்தும் ஆற்றல் உடைய கடவுள் கதவை ஏன் திறக்கவில்லை? பல நூறு மணங்கு நந்தியை அசைத்தவருக்கு, 'உள்ளே வா' என்ற இரண்டு சொல் கனத்துவிட்டனவா? வெளியே நிற்பவன் வெளியே நின்றபடியே காணட்டும் என்றுதானே நந்தி நகர்ந்தது! அருள் செய்த ஆண்டவனும் ஆகமத்தை மீறவில்லை. தீண்டாமைக்கு வசதியாகக் கல்லை நகர்த்தி வைத்தான், தீண்டாமையை நகர்த்தவில்லை. உண்மையில் அது நந்தனுக்குக் காட்டிய சலுகையா, கோயிலுக்குக் காட்டிய சலுகையா?

தில்லையிலே சலுகைகூடக் கிடைக்கவில்லை. நந்தன் ஊரெல்லையைச் சுற்றுகிறான். உள்ளே மூவாயிரவரின் வேள்விப் புகை. கூத்தன் கனவில் வருகிறான். நந்தனிடம், "எரியில் மூழ்கி முப்புரி நூலாரோடு வா" என்கிறான். தில்லைவாழ் அந்தணரிடம் எரி அமைக்கச் சொல்கிறான். ஏன், ஐயா? அந்தணர் கனவில் வந்தபோதே, "கதவைத் திறவுங்கள்; என் அடியான் வருகிறான்" என்று சொல்லியிருக்கலாகாதா? கனவு ஒன்றுதான், கட்டளை ஒன்றுதான், விறகுச் செலவாவது மிச்சமாகி இருக்கும்!

சொல்லமாட்டான். சொன்னால், குற்றம் கதவின்மேல் விழும். தீ மூட்டினால், குற்றம் நந்தனின் உடம்பின்மேல் விழும். இதுதான் கதையின் உட்கிடை. அந்த உடம்பிலே ஏதோ கறை இருக்கிறது, அதைச் சுட்டெரிக்கவேண்டும் என்று ஏற்றுக்கொண்ட பிறகே கண்ணீர் வருகிறது. தீயிலிருந்து வெளிவருகிறவன் யார்? ஆதனூர் நந்தனா? இல்லை. சடைமுடியும் வெண்ணூலும் துலங்கும் முனிவன்! கோயிலுக்குள் போனவன் அந்த முனிவன். நந்தன் போகவில்லை. நந்தனாகவே நந்தன் ஒருநாளும் போகவில்லை. பூணூல் போயிற்று, பூணூலைத்தான் தில்லை உள்ளே விட்டது. ஒரு புலையனைக் கோயிலில் ஏற்றிய கதை என்று இதைப் போற்றுகிறார்களே, புலையன் எவனும் கோயிலில் ஏறாமல் பார்த்துக்கொண்ட கதை அல்லவா இது! போனவன் திரும்பவும் இல்லை. திருவடியில் கலந்தான் என்றார்கள். சாட்சி சொல்ல ஆளில்லை.

தீயைப் பற்றிய பேச்சு வந்ததால், 1943ஐ நினைவூட்டுகிறோம். 'நந்தனார்' ஓடிய அடுத்த ஆண்டு அது. கம்பராமாயணத்தையும் பெரியபுராணத்தையும் கொளுத்தவேண்டும் என்று நம் இயக்கம் முழங்கியது. பிப்ரவரி 9ஆம் நாள் சென்னைச் சட்டக் கல்லூரி மண்டபத்தில் சொல்லின் செல்வர் இரா.பி. சேதுப்பிள்ளையோடும், மார்ச் 14ஆம் நாள் சேலத்தில் நாவலர் சோமசுந்தர பாரதியாரோடும் அண்ணா வாதிட்டார். 'தீ பரவட்டும்' என்று அது நூலாயிற்று. அன்று எத்தனை பதற்றம்! ஏட்டுக்குத் தீயா? இலக்கியத்துக்குத் தீயா? பண்பாடு கருகுகிறதே என்று பதறினர். பதறியவர்களில் எத்தனை பேர், முந்தைய ஆண்டு சீட்டு வாங்கிக்கொண்டு போய், ஒரு மனிதன் கொளுத்தப்படும் காட்சியைக் கண்டு பக்திப் பரவசம் அடைந்தவர்கள்! காகிதம் எரியக்கூடாது, கறுத்த மேனி எரியலாம். இதுவே அவர்கள் காத்துநின்ற பண்பாடு.

இதுவரை எழுதியதை நம் இளைஞர்கள் தலையசைத்துப் படித்திருப்பார்கள். மகிழ்ந்தும் இருப்பார்கள். இனிமேல் எழுதுவது அவ்வளவு மகிழ்ச்சி தராது.

1968 டிசம்பர் 25. நாகப்பட்டினத்துக்கு அருகே கீழ்வெண்மணி. கோபாலகிருஷ்ண பாரதியார் பிறந்த நரிமணமும் அந்த நாகைப் பகுதிதான். கூலி நெல் சற்றுக் கூடுதலாகக் கேட்டார்கள். செங்கொடியை இறக்க மறுத்தார்கள். ஒரு குடிசைக்குள் அடைக்கலம் புகுந்த 44 பேர் கொளுத்தப்பட்டனர். பெண்கள், குழந்தைகள், முதியோர். தீக்குள் போனவர்கள் நாற்பத்து நால்வர். வெண்ணூலோடு எவரும் வெளிவரவில்லை. கருகிய உடல்களே வெளிவந்தன. பூத கணங்கள் வரவில்லை. நந்தி எதுவும் விலகவில்லை. கீழ்மன்றம் தண்டித்த நிலக்கிழார்களை 1973இல் உயர்நீதிமன்றம் விடுவித்தது. காரும் செல்வமும் உடையவர்கள் தாமே நடந்து சென்று தீ வைத்திருப்பார்கள் என்பது நம்பத்தக்கதாக இல்லையாம்! நாற்பது வேலியைப் பூதங்கள் அறுத்ததை நம்பிய நாட்டில், பண்ணையார் தீ வைத்ததை நம்பமுடியவில்லை.

அந்தப் பண்ணையார்கள் வேதியரா? இல்லை, தோழர்களே. பூணூல் அணிந்த பார்ப்பனர் அல்லர் அவர்கள். அன்று கோட்டையில் ஆண்டது யார்? நாம். முதலமைச்சர் நாற்பது நாளில் மறையவிருந்த அண்ணா, நோயின் பிடியில். 'தீ பரவட்டும்' என்று ஏட்டுக்குத் தீ கேட்ட இயக்கம் ஆட்சியில் இருந்தபோது, ஏழைக்குத் தீ வைக்கப்பட்டது. இதை எதிரிகள் சொல்லிக் காட்டும் வரை காத்திராமல் நாமே சொல்கிறோம். சொல்லக் கூசினால் நந்தனைப் பற்றிப் பேச நமக்கு வாயில்லை.

வேதியர் வேடத்துக்குச் செருகளத்தூர் சாமாவைத் தேடிய காலத்தில் நமக்கு எல்லாம் எளிதாக இருந்தது. வில்லன் தெரிந்தான், அவன் மேனியிலேயே அடையாளம் தொங்கிற்று. நாமும் அந்த எளிமையில் சற்று மயங்கிவிட்டோம். வேதியரைத் திரையிலிருந்து இறக்கினோம். அவர் நின்ற வரப்பில் வேறொருவர் ஏறி நின்றதை உரிய நேரத்தில் உரக்கச் சொல்லவில்லை. விழுப்புரம் மாவட்டம் மேல்பாதியில் திரௌபதி அம்மன் கோயில் எதனால் 2023 சூனில் பூட்டி முத்திரையிடப்பட்டது? தாழ்த்தப்பட்டோர் உள்ளே வரக்கூடாது என்று தடுத்தவர் மூவாயிரவரா? தீட்சிதரா? நம் கூட்டங்களுக்கும் வந்து கைதட்டக்கூடிய மக்கள்! 2025 ஏப்ரலில், நீதிமன்ற ஆணையின்பேரில், காவலர் புடைசூழ அவர்கள் உள்ளே சென்று வழிபட்டார்கள். நந்தனுக்குத் தீ, இவர்களுக்குப் போலீஸ். முன்னேற்றம்தான், மறுக்கவில்லை.

கடவுளே இல்லை என்போருக்குக் கோயில் நுழைவில் என்ன அக்கறை என்று கேட்பார்கள். கேட்டுக்கொண்டேயிருக்கிறார்கள், எழுபது ஆண்டாக. விடையும் பழையதுதான். உள்ளே இருப்பது கல் என்பது நம் கருத்து. வெளியே நிறுத்தப்பட்டவன் மனிதன் என்பது கருத்தன்று, உண்மை. கல்லைப் பார்க்காமல் இருப்பது அவன் விருப்பமாக இருக்கவேண்டும். இன்னொருவன் ஆணையாக இருக்கக்கூடாது.

தில்லைக்கே மீண்டும் வருவோம். அங்கே பூட்டு வேறு வகையானது. படத்தில் நந்தன் வழிநெடுகத் தமிழில் பாடிக்கொண்டே போகிறான். பாடியவர் தேவாரப் பண்ணில் ஊறிய தேசிகர். திரையில் தமிழ் தில்லை வரை போயிற்று. நேரில்? சிவனடியார் ஆறுமுகசாமி என்ற முதியவர் திருச்சிற்றம்பல மேடையில் நின்று தேவாரம் பாடுவதற்கு அரசாணை தேவைப்பட்டது. அது நடந்தது 2008 மார்ச் 2ஆம் நாள், காவலர் துணையோடு! அவர் நாத்திகர் அல்லர், நெற்றி நிறைய நீறு அணிந்த அடியார். அவருக்கே அந்தப் பாடு. 2014 சனவரி 6ஆம் நாள், கோயில் நிர்வாகம் தீட்சிதருக்கே உரியது என்று உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. கனகசபை மேல் ஏறி நின்று மக்கள் வணங்க 2022இல் அரசு ஆணையிட்டபோதும் பூசல். மேடைக்கு மேடை ஆணை, படிக்குப் படி வழக்கு. நந்தனை 'நாயனார்' ஆக்கி, கல்லில் செதுக்கி வரிசையில் நிறுத்திவிட்டால், உயிரோடு வருகிறவனுக்குப் பதில் சொல்லவேண்டியதில்லை என்பது அவர்கள் துணிபு.

இந்தக் கதைக்கு மறுகதை சொன்னவர்கள் இல்லாமல் இல்லை. அயோத்திதாச பண்டிதர் நந்தனை அடிமையாக ஏற்கவே மறுத்தார், அரசன் என்றார். அதன் வரலாற்றுச் சான்றை ஆராய்வோர் ஆராயட்டும். தலைமுறை தலைமுறையாக அழச் சொல்லப்பட்ட மக்களுக்கு நிமிர ஒரு கதை வேண்டியிருந்தது என்பது நமக்குப் புரிகிறது. கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனோ வேறு வழி கண்டார். பாகவதரைப் போலவே எழுந்து நின்று, அதே காலட்சேப பாணியில், 'கிந்தனார்' சொன்னார். பாட்டுக்கு உடுமலை நாராயணகவி துணை. அண்ணா எழுதி 1949இல் வந்த 'நல்லதம்பி' படத்தில் அது இடம்பெற்றது. நந்தனுக்குத் தில்லை ஏக்கம். கிந்தனுக்குப் பள்ளிக்கூட ஏக்கம். நந்தன் நடந்து போனான். கிந்தன் ரயில் ஏறிப் பட்டணம் போனான். ரயிலில் எல்லாச் சாதியும் ஒரே பெட்டியில்! நந்தன் தீயில் இறங்கி மறைந்தான். கிந்தன் படித்து அதிகாரியாகி அதே ஊருக்குத் திரும்பி வந்தான். திரும்பி வந்தான் என்பதுதான் பெரிய செய்தி. கொட்டகை சிரித்தது. ஏழாண்டுக்கு முன் அழுத அதே கொட்டகை!

சிரிப்பூட்டிய கலைவாணருக்கு முன்பே, சிரிக்காமல் ஒருவர் அதைச் செய்துகொண்டிருந்தார். சுவாமி சகஜானந்தர். காவி உடுத்தவர், கடவுளை நம்பியவர், நம்மவர் அல்லர். ஆயினும் சொல்லாமல் விட மனம் ஒப்பவில்லை. நந்தன் எரிந்ததாகச் சொல்லப்படும் அந்தச் சிதம்பரத்திலேயே, 1916இல், நந்தன் பெயராலேயே பள்ளி தொடங்கினார். ஓதத் தடைசெய்யப்பட்ட பிள்ளைகளை உட்காரவைத்து எழுத்துச் சொல்லிக் கொடுத்தார். பிறகு சட்டமன்றத்திலும் அமர்ந்து அம்மக்களுக்காக வாதாடினார். 1942இல் ஜெமினியார் தீக்குழிக் காட்சிக்கு விளக்கு ஏற்றிக்கொண்டிருந்தபோது, அந்தப் பள்ளிக்கு வயது இருபத்தாறு. அங்கே நந்தனின் பேரர்கள் பலகையில் அ, ஆ எழுதிக்கொண்டிருந்தார்கள். தீயில்லை, பூணூலில்லை, பூதகணமில்லை. எந்தப் படப்பெட்டியும் அந்தப் பக்கம் திரும்பவில்லை.